ஜப்பான்காரி களைந்த அரிசி

முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். சினிமாவைப் பற்றி எழுத எனக்கு எந்தத் தகுதியும் இல்லை. ரயில்வே பள்ளிக்கூடத்தில் பன்னிரண்டாம் வகுப்பு வரை படித்தவள் நான். அதிலும் ஆங்கிலத்தில் இரண்டாம் தடவைதான் தேறினேன். நாலு பேர் இருக்கிற அறையில் வாய் திறக்கக் கூச்சப்படுவேன். சாந்த்ராகாச்சி ரயில்வே குவார்ட்டர்ஸைப் பற்றியும் அம்மாவின் கடைசி நாட்களைப் பற்றியும் இதுவரை எழுதியதெல்லாம் என் சொந்தச் சரக்கு. ஜப்பான் அப்படியல்ல.

ஆனாலும் இந்த வாரம் ஜப்பானைத் தொடாமல் மேலே போக முடியவில்லை. நான் என் வாழ்க்கையில் ஒரே ஒரு தடவைதான் 'மாட்டேன்' என்று சொல்லியிருக்கிறேன். அதற்கு முன்னால் ஒரு ஜப்பான் படம் பார்த்தேன்.

படித்தவர்கள் இதைப் படித்துவிட்டுச் சிரிக்கலாம். அவர்கள் பேசும்போது நானும் எத்தனையோ தடவை மனதுக்குள் சிரித்திருக்கிறேன். அதனால் தாராளமாகச் சிரிக்கட்டும்.

முன்வரிசை நாற்காலி

அன்று ஞாயிற்றுக்கிழமை, பிற்பகல் மூன்று மணி. வங்காளிகளின் பூஜைப் பண்டிகைக்கு இன்னும் சில வாரங்கள் இருந்தன. டாக்குரியாவில் ரயில் பாதையை ஒட்டிய ஒரு கிளப்பின் மாடி அறை. நனைந்த குடைகளை வாசலில் ஒரு பிளாஸ்டிக் வாளியில் செருகி வைத்திருந்தார்கள். ஜன்னல்களில் கறுப்புத் துணி. ஈரச் செருப்பும் நாப்தலின் உருண்டையும் கலந்த ஒரு வாசனை. நான் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தேன்.

அது என் இடம் அல்ல. என் இடம் அறையின் கடைசியில், ஒரு மேஜைக்குப் பின்னால், மெதுவடைச் சட்டிக்கும் சட்னித் தூக்குக்கும் நடுவில். ஆறேழு வருஷமாக அந்தக் கிளப்பின் படக் காட்சிகளுக்கு வடை போட்டுக் கொடுப்பது நான்தான். மற்ற நாட்களில் வீட்டில் இட்லி மாவு அரைத்து அக்கம்பக்கத்துக்குக் கொடுக்கிறேன். மீனாட்சி என்று முழுப்பெயரை இங்கே யாரும் சொல்வதில்லை. எல்லோருக்கும் நான் மீனாதி. தி என்றால் அக்கா. என்னைவிடப் பத்து வயது மூத்த வழுக்கைத் தலைக்காரர்களும் மீனாதி என்றுதான் கூப்பிடுவார்கள். வடை வாங்குகிறபோது வயது குறைந்துவிடும் போல.

அன்று என்னை முன்வரிசைக்குக் கூப்பிட்டவர் என் அண்ணன். வங்கியில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர். சால்ட் லேக்கில் சொந்த வீடு. அந்தக் கிளப்பின் செயலாளர். எனக்கு இந்த வடை வேலையை வாங்கித் தந்தவரும் அவர்தான். அதை யாரிடமும் சொல்லாமல் அவர் விட்டதில்லை.

"வட எங்கயும் ஓடிப் போவாது. இன்னைக்கு நீ இந்தப் படத்தப் பாக்கணும் மீனா. உனக்காவத்தான் போடுதேன்," என்றார்.

எங்கள் பூர்வீகம் திருநெல்வேலிப் பக்கம். நாங்கள் அங்கே வாழ்ந்ததில்லை. பேச்சு மட்டும் அப்பா அம்மாவோடு ஹவுரா வரை வந்து தங்கிவிட்டது. வங்கியில் எத்தனை வருஷம் ஆங்கிலம் பேசினாலும், என்னிடம் காரியம் ஆக வேண்டும் என்றால் அண்ணனுக்கு அந்தப் பேச்சு வந்துவிடும்.

எனக்காக ஏன் படம் போடுகிறார் என்று எனக்குத் தெரியும். மறுநாள் காலை பத்து மணிக்கு எங்கள் வீட்டு வாசலுக்கு ஒரு வண்டி வர ஏற்பாடாகியிருந்தது. அப்பாவையும் என்னையும் சாமான்களையும் சால்ட் லேக்குக்கு ஏற்றிப் போக. நாங்கள் இருப்பது வாடகை வீடு, மூன்றாவது மாடி. விட்டுப் போனால் திரும்பக் கிடைக்காது. மாவு வியாபாரமும் அதோடு சரி. அண்ணன் வீட்டில் கிரைண்டர் சத்தம் கேட்டால் அவர் மனைவிக்கு, எங்கள் பேச்சில் மைனிக்கு, தலை வலிக்கும்.

அப்பா வருகிறேன் என்று சொல்லிவிட்டார். நான் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமைக்குள் சொல்லிவிடு என்று அண்ணன் கெடு வைத்திருந்தார். கெடு வைத்தாரே தவிர, என் பதிலைப் பற்றி அவருக்குச் சந்தேகமே இல்லை.

அந்த மாதத்தில்தான் அவர் வீட்டுச் சமையல்காரி நின்றுவிட்டாள். அதே மாதத்தில் அவர் மகள் பிரசவத்துக்கு வரப்போவது தெரிந்தது. மைனிக்கு முழங்கால் வலியும் கூடியது. வயதான அப்பாவும் தனிமரமான தங்கையும் லிஃப்ட் இல்லாத மூன்றாவது மாடியில் கஷ்டப்படுவது அண்ணன் கண்ணில் பட்டதும் அந்த மாதத்தில்தான். பதினெட்டு வருஷமாக நாங்கள் ஏறி இறங்குகிற படிகள்.

ஆழம் தேடுகிறவர்கள்

அந்தக் கிளப்பைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

அவர்களுக்கு ஜப்பான் என்றால் உயிர். கத்தி வீசுகிற ஜப்பான் அல்ல. போர் முடிந்த பிறகு வந்த குடும்பப் படங்கள். கறுப்பு வெள்ளை. மரத்தாலான சின்ன வீடு, தள்ளித் திறக்கிற கதவு, சுவரில் போரிலிருந்து திரும்பாத ஒரு பையனின் போட்டோ. கொடியில் துணி காயும். தூரத்தில் ஆலைப் புகைக்கூண்டு. யாராவது யாருக்காவது தேநீர் ஊற்றுவார்கள். ஒரு பெண்ணுக்குக் கல்யாணம் ஆக வேண்டியிருக்கும், அல்லது ஒரு கிழவருக்கு இடம் வேண்டியிருக்கும். படம் முடிந்துவிடும்.

முடிந்ததும் இவர்கள் ஆரம்பிப்பார்கள். விளக்கைப் போட்டதும் ஐந்து நிமிஷம் யாரும் பேசக்கூடாது என்பது அந்தக் கிளப்பின் வழக்கம். படம் உள்ளே இறங்க வேண்டுமாம். அந்த ஐந்து நிமிஷத்தில் என் வடை ஆறிப்போகும். ஆறேழு வருஷத்தில் ஒருவர்கூட அதைப் பற்றி வருத்தப்பட்டதில்லை. ஆனால் படத்தில் தேநீர்க் கெண்டியின் ஆவி அடங்கியதைப் பற்றி ஒரு தடவை முக்கால் மணி நேரம் பேசினார்கள்.

கேமராவைத் தாழ்வாக, தரையில் உட்கார்ந்து பார்க்கிற உயரத்தில் வைத்திருக்கிறார்களாம். அதில் பெரிய தத்துவம் இருக்கிறதாம். நான் தினமும் தரையில் உட்கார்ந்துதான் உளுந்து களைகிறேன். அங்கிருந்து பார்த்தால் கட்டிலுக்கு அடியில் இருக்கும் தூசிதான் தெரியும். தத்துவம் எதுவும் தெரிந்ததில்லை.

எல்லாப் படத்திலும் ஒரு ஆண் அலுவலகத்திலிருந்து வருவார். நின்ற இடத்தில் கோட்டைக் கழற்றிக் கீழே போடுவார். டையை உருவிப் போடுவார். காலுறையை உருவிப் போடுவார். மனைவி பின்னாலேயே குனிந்து குனிந்து பொறுக்குவாள். பொறுக்கிக்கொண்டே, குளிக்கிறீர்களா சாப்பிடுகிறீர்களா என்று கேட்பாள். கிளப்பின் தலைவர் தேபுதா, கல்லூரிப் பேராசிரியராக இருந்தவர், அதைப் பார்த்துக் கண் கலங்கியிருக்கிறார். அன்றாட வாழ்க்கையின் சங்கீதம் என்றார். அவர் மனைவி என் மேஜையை ஒட்டிய கடைசி வரிசையில் உட்கார்ந்து கைப்பையின் ஜிப்பை இழுத்து இழுத்து மூடிக்கொண்டிருந்தார். அவர் எந்தப் படத்துக்கும் எதுவும் சொன்னதில்லை. எனக்கு அவரைப் பிடிக்கும்.

நம் வீட்டில் பெண் பார்க்க வந்து கேசரி தின்றால் அது பிற்போக்கு. அதையே ஒரு ஜப்பான்காரர் போட்டோவைக் கையில் வைத்துக்கொண்டு, தலை குனிந்து குனிந்து செய்தால் அது நாகரிகம், அடக்கம், அழகு. இதை நான் கடைசி மேஜையிலிருந்து கவனித்துக்கொண்டே வந்திருக்கிறேன்.

எழுத்தை விட்டுக் கையைப் பார்த்தது

என் குறையையும் சொல்லிவிடுகிறேன். படத்தின் அடியில் ஆங்கிலத்தில் வசனம் ஓடும். எனக்கு அந்த வேகத்தில் படிக்க வராது. முதல் வார்த்தையை எழுத்துக் கூட்டி முடிப்பதற்குள் அடுத்த வரி வந்துவிடும். முதல் வருஷம் முழுக்கத் துரத்திப் பார்த்தேன். பிறகு விட்டுவிட்டேன்.

படிப்பதை விட்டதும் கண்ணுக்கு வேறு வேலை இல்லை. கைகளைப் பார்க்க ஆரம்பித்தேன். படத்தில் யார் என்ன சொல்கிறார்கள் என்பது எனக்குப் பாதிதான் புரியும். ஆனால் எந்த வீட்டில் ஊறுகாய் தீர்ந்துபோயிற்று, எந்த மருமகள் மாமனாரின் கிண்ணத்தை வேண்டுமென்றே சத்தமாக வைக்கிறாள், எவள் பாத்திரத்தைத் துடைத்ததையே திரும்பத் துடைக்கிறாள் என்பதெல்லாம் ஒன்று விடாமல் தெரியும்.

இதையெல்லாம் நான் யாரிடமும் சொன்னதில்லை. யாரும் கேட்கவும் இல்லை. வடை கொடுக்கிறவளிடம் சட்னி இன்னும் இருக்கிறதா என்றுதான் கேட்பார்கள்.

அந்தச் சிரிப்பு

இந்தப் படங்களில் வரும் பெண்களுக்கு ஒரு சிரிப்பு உண்டு. மனது நோகும்படி யாராவது எதையாவது சொல்லும்போது அவர்கள் சிரிப்பார்கள். கல்யாணம் தட்டிப்போயிற்று என்றால் சிரிப்பு. நீ வீட்டைக் காலி செய் என்றால் சிரிப்பு. தேபுதா அந்தச் சிரிப்பைக் கடல் என்பார். மற்றவர்கள் 'கீ ஷுந்தோர்' என்பார்கள். என்ன அழகு!

எனக்கு அந்தச் சிரிப்பு தெரியும். நானும் சிரித்திருக்கிறேன்.

அது சாந்த்ராகாச்சியில் குடியிருந்த காலம். அப்பாவுக்கு ரயில்வே யார்டில் குமாஸ்தா வேலை. அம்மா போய் ஒரு வருஷம் ஆகியிருக்கும். கரக்பூரிலிருந்து ஒரு மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். ஒர்க்‌ஷாப்பில் வேலை பார்க்கிறவர். முகம் மறந்துவிட்டது. கூடத்தில் எல்லோரும் செருப்பை உதறிப் போட்டிருக்க, அவர் தன் செருப்பை மட்டும் சுவரோரமாக ஜோடி சேர்த்து வைத்திருந்தார். அது மட்டும் நினைவிருக்கிறது.

நான் கேசரித் தட்டோடு கதவு நிலையில் வந்து நின்றேன். அப்போதுதான் அண்ணன் அவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தார். தங்கச்சிக்கு அப்பாவை விட்டுப் பிரிய மனசில்லை, கல்யாணமே வேண்டாம் என்கிறாள், நாங்கள் எவ்வளவோ சொல்லிப் பார்த்துவிட்டோம் என்று. என்னிடம் யாரும் எதையும் சொல்லிப் பார்க்கவில்லை. அண்ணன் அப்போதுதான் கல்யாணமாகி அலிப்பூரில் தனிக்குடித்தனம் போயிருந்தார். அப்பாவுக்குச் சோறு போட ஒரு ஆள் வேண்டியிருந்தது.

எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நான் சிரித்தேன்.

வேறு என்ன செய்வது? கையில் தட்டு இருந்தது. தட்டைக் கீழே போட முடியாது. முகத்தை மூட முடியாது. உள்ளே ஓடினால் கேசரி யார் கொடுப்பது? சிரித்துக்கொண்டே எல்லோருக்கும் கொடுத்தேன். கரக்பூர்க்காரர் ஒரு வாய்தான் சாப்பிட்டார். பார் சிரிக்கிறாளே என்று அண்ணன் அவர்களிடம் சொன்னார். அன்றிலிருந்து எங்கள் குடும்பத்தில் நான் தியாகம் செய்த தங்கை. ஜப்பான்காரிகளின் சிரிப்பில் கடல் இருக்கலாம், நான் மறுக்கவில்லை. ஆனால் தேபுதா அவர்கள் கையில் என்ன இருக்கிறது என்று ஒரு தடவை பார்த்திருக்கலாம்.

நாலு பெட்டி

இப்போது முன்வரிசைக்குத் திரும்புகிறேன்.

அன்று போட்ட படத்தில் ஒரு சந்து. போரில் எரிந்துபோன மனைகள் இன்னும் நடுநடுவே காலியாகக் கிடக்கின்றன. சந்தின் முனையில் குடை பழுது பார்க்கிற ஒரு கிழவர். மனைவி இல்லை. மூத்த மகன் கம்பெனியில் உத்தியோகம். அவன் மனைவியும் அதே வீட்டில். கல்யாணமாகாத ஒரு பெண், டெலிபோன் நிலையத்தில் வேலை செய்துகொண்டு எல்லோருக்கும் சமைக்கிறாள். மகனுக்கு ஊருக்கு வெளியே புதிதாகக் கட்டிய மாடிக் கட்டடத்தில் வீடு கிடைக்கிறது. அப்பாவைக் கூட்டிக்கொண்டு போகிறான். தங்கையையும் கூப்பிடுகிறான். அவள் வரவில்லை. கடைசியில் பழைய வீட்டில் அவள் மட்டும்.

அண்ணன் ஏன் இந்தப் படத்தைத் தேர்ந்தெடுத்தார் என்பது கால்வாசிப் படத்திலேயே விளங்கிவிட்டது. வராவிட்டால் உன் கதி இதுதான் என்று எனக்குக் காட்டுகிறார். நேராகச் சொல்ல அவருக்குக் கூச்சம். அதற்கு ஜப்பானைத் துணைக்குக் கூப்பிட்டிருக்கிறார்.

வெளியே சியால்தா லோக்கல் போனபோது திரை லேசாக நடுங்கியது. படத்திலும் அடிக்கடி ரயில் போயிற்று. சில நேரம் எது எங்கள் ரயில், எது அவர்கள் ரயில் என்று தெரியவில்லை.

நான் வழக்கம்போல எழுத்தை விட்டுக் கையைப் பார்த்தேன். படத்தின் தொடக்கத்தில் அந்தப் பெண் அரிசி அளக்கிறாள். சின்ன மரப்பெட்டிதான் அளவு. நாலு பெட்டி. ஒவ்வொரு தடவையும் விரலால் தலைதட்டி, தொட்டியில் கொட்டிக் களைகிறாள். கடைசிக் காட்சியிலும் அதே தொட்டி. அதே பெட்டி. ஒரு பெட்டி அளக்கிறாள். அதை ஒரு நிமிஷம் பார்க்கிறாள். பிறகு ஒரு கைப்பிடி அரிசியை எடுத்துத் திரும்ப டப்பாவிலேயே போட்டுவிட்டு, மிச்சத்தைக் களைகிறாள். தண்ணீர் வெள்ளையாக ஓடுகிறது. அதோடு படம் முடிந்தது.

விளக்கைப் போட்டார்கள். ஐந்து நிமிஷ மௌனம். என் பின்னால் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். எனக்கு அழுகை வரவில்லை. அந்தக் கைப்பிடி அரிசியையே நினைத்துக்கொண்டிருந்தேன்.

முதல் தடவை கேட்டார்கள்

தேபுதா எழுந்தார். அந்தக் கடைசிக் காட்சி சூன்யம் என்றார். வெறுமையைக் களைந்து களைந்து வெறுமையே மிஞ்சுகிறது என்றார். இன்னொருவர் அந்த வெள்ளைத் தண்ணீர் போரில் எரிந்த நகரத்தின் சாம்பல் என்றார். சாம்பல் எப்போது வெள்ளையாக ஓடியது என்று எனக்குத் தெரியவில்லை. அரிசி களைந்த தண்ணீரை அவர் பார்த்ததே இல்லை போலிருக்கிறது.

பிறகு அண்ணன் எழுந்தார். வங்காள மொழியில்தான் பேசினார், நன்றாகப் பேசுவார். குடும்பம் உடைந்தால் கடைசியில் என்ன மிஞ்சும் என்பதை இந்தப் படம் சொல்கிறது என்றார். அந்தப் பெண்ணின் பிடிவாதம் அவளைத் தனிமையில் தள்ளிவிட்டது என்றார். பிறகு என்னைக் கைகாட்டினார். என் தங்கையும் அப்பாவுக்காகத் தன் வாழ்க்கையையே கொடுத்தவள், ஆனால் இவள் தனியாக அரிசி களைய நான் விடமாட்டேன், நாளையிலிருந்து இவள் எங்களோடு என்றார்.

கை தட்டினார்கள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்கு அந்தச் சிரிப்பு வந்துவிட்டது. கையில் தட்டுகூட இல்லை. பழக்கத்தில் வந்துவிட்டது. அதுதான் எனக்கு அவமானமாக இருந்தது.

அப்போது தேபுதாவின் மனைவி பேசினார். நான் அவர் குரலைக் கேட்டதே அன்றுதான். மீனாதியைக் கேளுங்களேன், அவருக்கு என்ன தோன்றியது என்று, அவ்வளவுதான் சொன்னார். ஜிப்பை மூடிக்கொண்டார்.

எழுந்து நின்று, நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டேன். திரையைப் பார்த்துப் பேசினேன், ஆட்களைப் பார்த்துப் பேச என்னால் முடியாது. நான் வங்காள மொழியில் சொன்னதைத் தமிழில் இப்படி எழுதலாம்:

"முதலில் அவள் நாலு பெட்டி அளந்தாள். கடைசியில் ஒரு பெட்டி. அதிலும் ஒரு கைப்பிடியைத் திரும்பப் போட்டாள். மனது உடைந்தவள் அப்படி அளக்கமாட்டாள். பழக்கத்தில் நாலையும் போட்டுவிட்டு, வடித்த பிறகு பார்த்து அழுவாள். எங்கள் அம்மா போன மறுவாரம் நான் அப்படித்தான் போட்டேன். இவள் சரியாக அளக்கிறாள். தனக்கு எவ்வளவு பசிக்கும் என்று இவளுக்கு இப்போதுதான் தெரிந்திருக்கிறது."

உட்கார்ந்துவிட்டேன்.

பிறகு தேபுதா கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, அருமை, மீனாதி சூன்யத்தின் பௌதிகப் பக்கத்தைத் தொட்டிருக்கிறார் என்றார். இன்னொருவர் அதைக் குறித்துக்கொண்டார். எங்கள் வீட்டுப் பெண் எங்கே போனாலும் சமையலறையைக் கூடவே தூக்கிக்கொண்டு போவாள் என்று அண்ணன் சிரித்தார். எல்லோரும் சிரித்தார்கள். தேபுதாவின் மனைவி சிரிக்கவில்லை. எழுந்து போய் என் மேஜையின் பின்னால் நின்று, யாரும் கேட்காமலேயே வடைச் சட்டியின் மூடியைத் திறந்தார்.

வடைத் தட்டு

நான் என் இடத்துக்குப் போனேன். எல்லோரும் வாங்கிக்கொண்டு போன பிறகு அண்ணன் வந்தார். ஒரு வடையை எடுத்துக்கொண்டார்.

"சாமானெல்லாம் கட்டியாச்சா?"

"அப்பா சாமான் கட்டியாச்சு."

"உன்னது?"

"நான் வரல அண்ணே."

வடை வாய்க்குப் பாதி வழியில் நின்றது. "படத்தப் பாத்த பொறவுமா?"

"படத்தப் பாத்துத்தான்."

"கடசில அவ ஒத்தையில உக்காந்திருக்காளே, அது உனக்கு ஒறைக்கவே இல்லையா?"

"ஒத்தையிலதான் இருக்கா. ஆருக்கும் வடிச்சிப் போட எந்திரிக்க வேண்டாம்லா."

அண்ணன் சுற்றுமுற்றும் பார்த்தார். யாரும் கேட்கவில்லை என்று உறுதியானதும் குரலைத் தாழ்த்தினார். பிள்ளை பெறப் போகிறவளைப் பற்றிச் சொன்னார். மைனியின் முழங்காலைப் பற்றிச் சொன்னார். ஜனங்கள் என்ன சொல்வார்கள் என்றார். நான் மிஞ்சிய வடைகளைச் சட்டியிலிருந்து தட்டுக்கு எடுத்து வைத்தேன். கடைசியில் அவருக்கு உண்மையாகவே விளங்காத ஒன்றைக் கேட்டார்.

"நீ எப்பமும் சிரிச்சிக்கிட்டுச் சரின்னுதானளா சொல்லுவ. கரக்பூர்க்காரன் வந்தப்பமும் சிரிச்சிக்கிட்டுத்தான நின்ன?"

"கையில தட்டு இருந்துச்சு அண்ணே," என்றேன்.

அவர் என் கையைப் பார்த்தார். அப்போதும் ஒரு தட்டு இருந்தது. அதிலிருந்து இன்னொரு வடையை எடுத்துக்கொண்டு போனார்.

அப்பா

சாயங்காலம் படியேறி வீட்டுக்குப் போனபோது அப்பா கட்டி வைத்த பெட்டியின் மேல் உட்கார்ந்து டி.வி. பார்த்துக்கொண்டிருந்தார். எண்பத்து மூன்று வயது. நான் வரவில்லை என்று சொன்னேன். ஒலியைக் குறைத்தார்.

படத்தில் என்றால் இந்த இடத்தில் அப்பா ஜன்னலைப் பார்த்து, இன்றைக்கு வானம் நன்றாக இருக்கிறது என்று சொல்வார். எங்கள் அப்பா யார்டில் வேலை பார்த்தவர்.

"அவன் வீட்டுல லிப்ட் இருக்கு," என்றார்.

"ஆமாப்பா. நீங்க போங்க. கீழ பார்க்கும் இருக்கு."

"உன் மைனி ரசத்துல சீனி போடுவாளே."

"போடுவாங்க. நாலு நாள்ல பழகிரும்."

பிறகு டி.வி.யைப் பார்த்தபடியே, "இந்த வாய அன்னைக்கே தொறந்திருக்கலாம். கரக்பூர்க்காரன் வந்தப்பம்," என்றார்.

"ஆரும் கேக்கலையேப்பா."

"கேக்காட்டி என்ன," என்றார் அப்பா. ஒலியைக் கூட்டினார்.

இத்தனை வருஷமாக எல்லோரையும் கேலி செய்துகொண்டு வந்திருக்கிறேன், அண்ணனை, தேபுதாவை, கோட்டைக் கீழே போடுகிற ஜப்பான்காரர்களை. அப்பா சொன்ன அந்த ஒன்றை மட்டும் என்னால் இன்றுவரை கேலி செய்ய முடியவில்லை. அண்ணன் சொன்னது பொய் என்று அவருக்கும் அன்று தெரிந்திருக்கிறது. தெரிந்துகொண்டு கேசரி சாப்பிட்டிருக்கிறார். ஆனாலும் நான் வாயைத் திறந்திருக்கலாம்தான்.

அவருடைய மாத்திரை டப்பாவில் கிழமை வாரியாகச் சீட்டு ஒட்டினேன். காலையில் எது, சாப்பாட்டுக்குப் பின் எது என்று மைனிக்கு ஒரு தாளில் எழுதினேன். ரசத்தைப் பற்றி எழுதவில்லை.

மறுநாள் திங்கட்கிழமை. பத்து மணிக்கு வர வேண்டிய வண்டி பத்தரைக்கு வந்தது. அப்பாவும் இரண்டு பெட்டிகளும் அவருடைய சாய்வு நாற்காலியும் போயின. நான் மாடிக்கு வந்து ஒரு டம்ளர் அரிசி அளந்தேன். ஒரு கைப்பிடியைத் திரும்ப டப்பாவில் போட்டேன். அப்படியும் சாதம் மிஞ்சியது.